சரக்கு இறக்க ஒரு ரிட் மனு: ஒரு டைல்ஸ் கடைக்காரியின் அனுபவம்

பாலக்காடு மாவட்டத்தில் டைல்ஸ், கிரானைட் கடை வைத்திருக்கிறேன். சொந்த ஊர் பொள்ளாச்சி. கல்யாணமாகி இந்தப் பக்கம் வந்து இருபத்திரண்டு வருஷம், கடை ஆரம்பித்துப் பதினான்கு வருஷம். சுமை தூக்கும் யூனியன்காரர்கள் சரக்கு இறக்கவிடாமல் மறித்ததால், 2023 அக்டோபரில் கடைக்குப் போலீஸ் பாதுகாப்பு கேட்டு, எர்ணாகுளத்தில் இருக்கும் கேரள உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரி தன் கடமையைச் செய்ய ஆணையிடும்படி கேட்கும் மனு) போட்டேன். காசு கொடுத்துப் பெற்ற எந்தச் சேவையையும் எப்படி எடை போடுவேனோ, அப்படியே இதையும் எழுதுகிறேன். எனக்குத் தேவைப்பட்ட நேரத்தில் இதைப்பற்றித் தமிழில் ஒரு வரி கூட என் கண்ணில் படவில்லை.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பலன் கிடைத்தது. ஐந்துக்கு நான்கு நட்சத்திரம் கொடுப்பேன். குறைத்த ஒரு நட்சத்திரம் கோர்ட்டுக்கானது அல்ல. உத்தரவு கையில் வந்த பிறகும் லாரி நின்ற ஒன்றரை நாளுக்கானது. ஸ்டேஷன், யூனியன், ஊர் எதன் பெயரையும் எழுதப்போவதில்லை. நாளைக்கும் அவர்கள் முகத்தில்தான் நான் விழிக்க வேண்டும்.

கேரளாவில் கடை வைக்காதவர்களுக்குக் கொஞ்சம் விளக்க வேண்டும். இங்கே 1978-ம் ஆண்டுச் சட்டம் என்று பெயர் கொண்ட சுமட்டுத் தொழிலாளர் (சுமை தூக்கும் தொழிலாளர்) சட்டம் இருக்கிறது. சுமை தூக்குபவர்களுக்குப் பதிவு, கூலி நிர்ணயம், நல வாரியம் எல்லாம் அதில் வந்தன. நல்ல சட்டம், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. முதுகு ஒடிய மூட்டை தூக்கியவனுக்கு வயதான காலத்தில் ஒரு பிடிமானம் அதனால்தான் வந்தது. எங்கள் ஊர் ஸ்கீம் ஏரியா. அதாவது, கடைக்கு வரும் சரக்கை, அந்த ஏரியாவுக்கென்று பதிவு செய்து வைத்திருக்கும் பொதுவான சுமை தூக்குபவர்கள், அதாவது பூல் தொழிலாளர்கள்தான் இறக்க வேண்டும். விதிவிலக்கு ஒன்று உண்டு. என் கடையிலேயே நிரந்தரமாக வேலை செய்பவர்களுக்கு 26ஏ விதிப்படி உதவித் தொழில் அலுவலர் அடையாள அட்டை கொடுத்துவிட்டால், என் சரக்கை அவர்களே இறக்கலாம். ஊரில் இதை '26ஏ கார்டு' என்பார்கள்.

பதினோரு வருஷம் பூல் ஆட்களை வைத்துத்தான் இறக்கினேன். அவர்களில் பலர் நல்லவர்கள். பிரச்சினை உடைசலில் ஆரம்பித்தது. 2 அடிக்கு 2 அடி டைல்ஸ் ஒரு பெட்டியில் நான்கு இருக்கும், எடை 27, 28 கிலோ வரும். அதைப் படுக்க வைத்துப் போட்டால் வெளியே ஒன்றும் தெரியாது. பெட்டியைப் பிரித்து ஒவ்வொன்றாக ஒரு ரூபாய்க் காசால் தட்டிப் பார்க்க வேண்டும். நல்ல டைல் 'ணங்' என்று மணி மாதிரி கேட்கும். மயிரிழை விரிசல் இருந்தால் 'டப்' என்று செத்த சத்தம் வரும். ஒரு மாதம் 'டப்' என்று கேட்டவற்றை மட்டும் பின்சுவர் ஓரமாக அடுக்கினேன். என் இடுப்பு உயரத்துக்கு வந்துவிட்டது.

அப்புறம் நோக்குகூலி. பெயரிலேயே அர்த்தம் இருக்கிறது, பார்த்துக்கொண்டு நிற்பதற்குக் கூலி. கிரானைட் பலகை கிரேனில்தான் இறங்கும், கையால் தூக்க முடியாது. கிரேன்காரருக்கும் கொடுத்து, பக்கத்தில் நின்றவர்களுக்கும் கொடுத்தேன். 2018 மே 1 முதல் நோக்குகூலி இல்லை என்று அரசாங்கமே அறிவித்தது. 2021-ல் தும்பா விண்வெளி மையத்துக்குப் போன லாரியை மறித்துப் பத்து லட்சம் கேட்டது நாடு முழுக்கச் செய்தியானது. ராக்கெட் விடுகிற இடத்துக்கே அந்த நிலைமை என்றால் டைல்ஸ் கடை எம்மாத்திரம் என்று நானும் பேசாமல் கொடுத்துக்கொண்டிருந்தேன். கொடுத்தது என் தப்பு, இப்போது அது நன்றாகத் தெரிகிறது. ஏனென்றால் பிறகு மனுவில் எழுதும்போது, கொடுத்த எதற்கும் ரசீது இல்லை.

2023-ல் என் கடை ஆட்கள் ஆறு பேருக்கும் 26ஏ கார்டுக்கு விண்ணப்பம் போட்டேன். ஜூனில் நிராகரித்தார்கள். இவர்களுக்குச் சுமை தூக்கிய முன் அனுபவம் இல்லை என்பது காரணம். மாவட்டத் தொழில் அலுவலரிடம் அப்பீல் போனேன். ஓணம் கழிந்து உத்தரவு சாதகமாக வந்தது. அக்டோபர் முதல் வாரம் ஆறு கார்டும் கைக்கு வந்தன. ஆறில் நான்கு பேர் வேலந்தாவளம் பக்கத்துத் தமிழ்ப் பையன்கள். கார்டைக் கையில் வாங்கியதும் அந்த இடத்திலேயே செல்லில் போட்டோ எடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள்.

அக்டோபர் 12, வியாழக்கிழமை. குஜராத் மோர்பியிலிருந்து 860 பெட்டியோடு லாரி வந்தது. பையன்கள் பின்கதவைத் திறப்பதற்குள் பூல் யூனியன் ஆட்கள் பன்னிரண்டு பேர் வந்து நின்றுவிட்டார்கள். கையில் ஒன்றும் இல்லை, யாரையும் தொடவும் இல்லை. லாரிக்கும் ஷட்டருக்கும் நடுவில் இரண்டு வரிசையாக உட்கார்ந்தார்கள், அவ்வளவுதான். அவர்களில் மூத்தவரை நான் எப்போதும் 'ஏட்டா' என்றுதான் கூப்பிடுவேன். அவர் என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார், "சேச்சி, கார்டெல்லாம் ஆபீஸ்ல வெச்சுக்கோ. இங்க இறக்குறது நாங்கதான்." கூட நின்ற இளைஞன் ஒருவன், பையன்களின் ஊர்ப் பெயரைச் சொல்லி, சாயங்காலம் பஸ் ஏறும்போது பார்த்துக்கொள்வதாகச் சொன்னான். அந்த ஒரு வார்த்தைதான் என்னை எர்ணாகுளத்துக்கு அனுப்பியது. சரக்கு நின்றால் நஷ்டம், தாங்கிக்கொள்ளலாம். பையன்களுக்கு ஒன்று ஆனால் அவர்கள் வீட்டில் நான் என்ன பதில் சொல்வேன்?

லாரி மூன்று நாள் நின்றது. டிரைவர் ராஜஸ்தான்காரர். வண்டிக்கு அடியில் ஸ்டவ் வைத்துச் சப்பாத்தி சுட்டார், எனக்கும் இரண்டு கொடுத்தார். ஹால்டிங், அதாவது லாரி காத்து நிற்பதற்கான கட்டணம், ஒரு நாளைக்கு 3,000. சனிக்கிழமை இரவு, கிணத்துக்கடவில் அண்ணனுக்குத் தெரிந்த ஒருவரின் குடோனுக்கு வண்டியைத் திருப்பி விட்டேன்.

இனி சேவையைப் பற்றிச் சொல்கிறேன். எர்ணாகுளத்தில் எனக்குக் கிடைத்த வக்கீல் நடுத்தர வயதுப் பெண்மணி, தொழிலாளர் வழக்குகள் பார்ப்பவர். போனில் அவர் கேட்ட முதல் கேள்வி: "ஸ்டேஷனில் புகார் கொடுத்தீங்களா, ரசீது இருக்கா?" என் நல்ல நேரம், இருந்தது. 12-ம் தேதி சாயங்காலமே போய்க் கொடுத்திருந்தேன். இது தொழில் தகராறு, லேபர் ஆபீஸுக்குப் போங்கள் என்று அங்கே சொன்னார்கள். ரசீது தராமல் நகர மாட்டேன் என்று பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தேன், ஏழரை மணிக்குத் தந்தார்கள். மறுநாள் மாவட்ட போலீஸ் தலைவருக்கு மின்னஞ்சலும் பதிவுத் தபாலும் அனுப்பினேன். இதைச் செய்யாமல் கோர்ட்டுக்குப் போனால் மனு நிற்பதே கஷ்டம் என்றார் வக்கீல். அரசியல் சட்டம் 226-ம் பிரிவின்படி நீதிமன்றம் போலீஸுக்கு ஆணையிடுகிறது. செய்ய வேண்டிய கடமையை அதிகாரி செய்யவில்லை என்று காட்டினால்தான் ஆணை பிறக்கும். அதற்கு, நாம் முதலில் அவரிடம் கேட்டிருக்க வேண்டும். மிரட்டல் வந்த நாளில் யாருக்கும் இது தோன்றாது, அதனால்தான் இவ்வளவு நீட்டிச் சொல்கிறேன். ரசீதுக்காக உட்கார்ந்த அந்த இரண்டு மணி நேரம், பிறகு செலவு செய்த எல்லாப் பணத்தையும் விடப் பெரிய காரியம் செய்தது.

ஆவணங்களைப் பி1, பி2 என்று எண் போட்டுச் சேர்த்தார். ஆறு கார்டு, அப்பீல் உத்தரவு, பஞ்சாயத்து லைசென்ஸ், ஜிஎஸ்டி பதிவு, லாரியின் இன்வாய்ஸும் இ-வே பில்லும், புகார் ரசீது, தபால் ரசீது, உட்கார்ந்து மறித்ததன் போட்டோ நான்கு, எல்லாம் சேர்ந்து பதினொன்று. புகார் மலையாளத்தில் இருந்ததால் ஆங்கில மொழிபெயர்ப்பும் வைக்க வேண்டியிருந்தது, அதற்கே ஒரு நாள் போனது. எதிர்மனுதாரர்களாக அரசு, மாவட்ட போலீஸ் தலைவர், ஸ்டேஷன் பொறுப்பு அதிகாரி, உதவித் தொழில் அலுவலர், அப்புறம் யூனியன் கன்வீனர்கள் இரண்டு பேர். நான் மூத்தவர் பெயரையும் போடச் சொல்லி நின்றேன், கோபம் அப்படி. வக்கீல் போடவில்லை. "ஒவ்வொருத்தர் பேரையும் சேர்த்தா நோட்டீஸ் போய்ச் சேரவே ஒரு மாசம் ஆகும். பொறுப்புல இருக்கிறவங்க போதும்" என்றார். கோபம் தணிந்த பிறகு அவருக்கு மனதார நன்றி சொன்னேன்.

இன்னொன்றும் செய்தார். நான் எழுதிக் கொடுத்த ஆறு பக்கத்தில் உடைந்த டைல்ஸ், பதினோரு வருஷத்து நோக்குகூலி, கெட்ட வார்த்தை எல்லாம் இருந்தன. பெரும்பகுதியை எடுத்துவிட்டார். கார்டு செல்லும், கார்டு உள்ளவர்களை மறிக்கிறார்கள், மிரட்டுகிறார்கள், போலீஸ் வரவில்லை என்ற நான்கே விஷயம் மிஞ்சியது. என் மனசு கேட்கவில்லை. ஆனால் கோர்ட்டில் பார்த்த பிறகு புரிந்தது.

மனு 17-ம் தேதி ஆன்லைனில் தாக்கலானது, 19-ம் தேதி பட்டியலில் வந்தது. வீட்டில் இருந்தே லிங்க்கில் பார்க்கலாம் என்றார் வக்கீல். ஆனாலும் நான் போனேன். விடியற்காலை ரயில், நார்த் ஸ்டேஷனில் இறங்கி ஆட்டோ. எங்கள் வரிசை எண் 43. பன்னிரண்டு இருபதுக்குக் கூப்பிட்டார்கள், மொத்தம் நான்கு நிமிஷம். நீதிபதி கேட்டது ஒரே கேள்வி: கார்டுகள் இன்று செல்லுபடியாகுமா? வக்கீல் பி1-ஐக் காட்டினார். அரசு வக்கீல் ஸ்டேஷனில் விவரம் கேட்டுச் சொல்ல நேரம் கேட்டார். எதிர்த்தரப்புக்கு ஸ்பெஷல் மெசஞ்சர் மூலம், அதாவது தனி ஆள் கையில் கொடுத்து, நோட்டீஸ் அனுப்ப உத்தரவானது. கட்டிக்கொண்டு போன எலுமிச்சைச் சாதத்தை வராந்தாவில் சாப்பிட்டுவிட்டு மத்தியான ரயிலில் திரும்பினேன்.

அந்த வாரம் முழுக்க வீட்டில் ஒரே பேச்சு. அந்த ஜூன் மாதம்தான் கோட்டயம் மாவட்டம் திருவார்ப்பில் ஒரு தனியார் பஸ் உரிமையாளரைப் பற்றிச் செய்தி வந்திருந்தது. பஸ்ஸுக்கு முன்னால் யூனியன்காரர்கள் கொடி நட்டு மறித்ததால், அதன் முன்னாலேயே உட்கார்ந்து லாட்டரி விற்றார். உயர் நீதிமன்றத்தில் பாதுகாப்பு உத்தரவும் வாங்கினார். கொடியை எடுக்கப் போன இடத்தில், போலீஸ் நிற்கும்போதே அடி வாங்கினார். "ஆர்டர் வாங்கினவனையே அடிச்சாங்க, உனக்கு எதுக்கும்மா இது?" என்று அண்ணன் போனில் கத்தினான். நியாயமான கேள்விதான். ஆனால் அதற்கு அடுத்து நடந்ததை அவன் சொல்லவில்லை. நீதிமன்றம் தானே முன்வந்து அவமதிப்பு வழக்கு எடுத்தது, போலீஸிடம் கடுமையாகக் கேட்டது. அந்தக் கேள்வி கேரளா முழுக்க எல்லா ஸ்டேஷன் காதிலும் விழுந்திருக்கும் என்பது என் கணக்கு. நான்கு மாதம் கழித்து மனு போட்ட எனக்கு அதன் பலன் கொஞ்சம் கிடைத்தது என்றுதான் இன்றும் நம்புகிறேன். அந்த மனிதர் பட்ட அடியை நினைத்தால் மனசு கனக்கிறது.

26-ம் தேதி இடைக்கால உத்தரவு வந்தது. யூனியன் தரப்பு வக்கீல், நாங்கள் மறிக்கவே இல்லை, கார்டு கொடுத்ததுதான் தவறு என்றார். அப்படியானால் கார்டை எதிர்த்து வழக்குப் போடுங்கள், ரத்தாகும்வரை அது செல்லும் என்று நீதிபதி சொல்லிவிட்டார். உத்தரவு ஒன்றரைப் பக்கம். ஆறு பேரும் கடையிலும் குடோனிலும் சரக்கு இறக்கத் தடை வராமல் ஸ்டேஷன் பொறுப்பு அதிகாரி பார்த்துக்கொள்ள வேண்டும். அவர்களுக்கும் எனக்கும் உயிருக்கு ஆபத்து வராமல் காக்க வேண்டும்.

அதே உத்தரவில் என் கையைக் கட்டும் வரிகளும் உண்டு. இந்த ஆறு பேர் போதாமல் கூடுதல் ஆள் வேண்டுமென்றால் பூல் தொழிலாளர்களைத்தான் கூப்பிட வேண்டும். கார்டு இல்லாத யாரையும் நான் இறக்க விடக்கூடாது. வழியை மறிக்காமல் அமைதியாகப் போராட யூனியனுக்கு உரிமை உண்டு. முதலில் படித்தபோது எனக்குச் சுருக்கென்றது. இரண்டாவது முறை படித்தபோது, இது நியாயம் என்று தோன்றியது. பாதுகாப்பு உத்தரவு என்றால் ஊரே என் பக்கம் என்று நினைத்துக்கொண்டு யாரும் போக வேண்டாம். சட்டம் எனக்குக் கொடுத்த அளவுக்குத்தான் போலீஸ் வந்து நிற்கும், அதற்கு மேல் ஓர் அடி கூட வராது.

நவம்பர் 2-ம் தேதி அடுத்த லாரி. முந்தின நாளே உத்தரவை இணையத்திலிருந்து எடுத்த பிரதியை ஸ்டேஷனில் கொடுத்திருந்தேன். லாரி வந்தது, ஆட்கள் வந்து உட்கார்ந்தார்கள், போலீஸ் வரவில்லை. போன் செய்தால், இது பிரிண்ட் அவுட், சான்றிட்ட நகல் வேண்டும், அரசு வக்கீல் ஆபீஸிலிருந்து தகவல் வர வேண்டும் என்றார்கள். அன்று முழுக்க அப்படியே போனது. நான் கழித்த ஒரு நட்சத்திரம் இந்த நாளுக்குத்தான். உத்தரவு வந்த அன்றே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பித்து, அரசு வக்கீல் ஆபீஸ் வழியாகவும் ஸ்டேஷனுக்குச் சொல்ல வைத்து, நகல் கையில் வந்த பிறகுதான் லாரியை வரச் சொல்ல வேண்டும். எனக்கு இது முன்னாலேயே தெரிந்திருந்தால் ஒரு நாள் ஹால்டிங் மிச்சம். வக்கீல் இரவே அரசு வக்கீலிடம் பேசினார். இனியும் தாமதித்தால் அவமதிப்பு மனு போட வேண்டிவரும் என்று ஸ்டேஷனுக்கு மரியாதையாக ஒரு கடிதமும் மின்னஞ்சலில் அனுப்பினார்.

மறுநாள் காலை எஸ்ஐ ஒருவரும் இரண்டு போலீஸாரும் வந்தார்கள். எஸ்ஐ ஆறு கார்டையும் வாங்கி, ஒவ்வொரு பையன் முகத்துக்கு நேராகவும் பிடித்துப் பார்த்தார். ஒரு பையன் போட்டோவில் மீசை வைத்திருந்தான், இப்போது இல்லை. அவனைப் பெயர், அப்பா பெயர், ஊர் எல்லாம் கேட்டார். அவனுக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. "பயப்படாம சொல்லுடா தம்பி, சார் நமக்காகத்தான் வந்திருக்கார்" என்றேன். பிறகு எஸ்ஐ உட்கார்ந்திருந்தவர்களிடம் போய், குரலை உயர்த்தாமல், உத்தரவை மலையாளத்தில் வரி வரியாகச் சொன்னார். உங்களுக்கும் இதில் உரிமை இருக்கிறது, எதிரே போய் நின்று கோஷம் போடுங்கள், நான் தடுக்க மாட்டேன் என்றார். அவர்கள் எழுந்து சாலைக்கு அந்தப் பக்கம் போனார்கள். பதினொன்று நாற்பதுக்கு முதல் பெட்டி இறங்கியது. அரை மணி நேரம் கோஷம் கேட்டது, பிறகு கலைந்தார்கள். மூத்தவர் மட்டும் வேலிக்கல் மேல் உட்கார்ந்திருந்தார். சம்பாரம் (தாளித்த மோர்) கொண்டுபோய்க் கொடுத்தேன். வாங்கிக் குடித்தார், ஒன்றும் பேசவில்லை.

பையன்கள் ஆறரை மணி வரை இறக்கினார்கள். பெட்டிகளை நிறுத்தி வைத்து, நடுவில் அட்டை வைத்து அடுக்கினார்கள். அன்றிரவு இருபது பெட்டி பிரித்துக் காசால் தட்டிப் பார்த்தேன். எண்பதில் எழுபத்தொன்பது 'ணங்'.

செலவு கேட்பார்கள். வக்கீல் கட்டணம், டைப்பிங், மொழிபெயர்ப்பு, மெசஞ்சர் எல்லாம் சேர்த்து எனக்கு 38,000 ஆனது. கோர்ட் கட்டணம் அதில் சொற்பம். போலீஸுக்குத் தனியாக எதுவும் கட்டச் சொல்லவில்லை. மனுதாரர் செலவில் பாதுகாப்பு என்று எழுதும் உத்தரவுகளும் உண்டு, அதை முதலிலேயே வக்கீலிடம் கேட்டுக்கொள்ளுங்கள். உத்தரவை மீறினால் அவமதிப்பு மனு போட ஒரு வருஷம் வரை அவகாசம் இருக்கிறது. எனக்கு அது தேவைப்படவில்லை. 2024 ஜனவரியில் இடைக்கால உத்தரவையே உறுதி செய்து மனுவை முடித்தார்கள்.

பொள்ளாச்சியில் என் சித்தப்பா மகன் தேங்காய்க் களம் வைத்திருக்கிறான். அங்கே ஒரு ரவுடித் தொல்லை, தமிழ்நாட்டிலும் இப்படிப் போடலாமா என்று கேட்டான். 226 எல்லா உயர் நீதிமன்றத்துக்கும் பொதுதான். ஆனால் அங்கே பெரும்பாலும், மனுதாரரின் புகாரை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுங்கள் என்று அதிகாரிக்குச் சொல்லி அனுப்புவார்கள். அதை ஜெயித்ததாக எண்ணி வீட்டில் உட்கார்ந்துவிடக் கூடாது, அந்தப் பரிசீலனைக்கு நாமே போய் நிற்க வேண்டும் என்று அவனிடம் சொன்னேன். கூடவே, இன்றைக்கே ஸ்டேஷனுக்குப் போய் ரசீது வாங்கு என்றும் சொன்னேன்.

இப்போது மாதம் இரண்டு லாரி வருகிறது. பெரிய வண்டி வந்தால் ஆறு பேர் போதாது, பூலிலிருந்து நான்கு பேரைக் கூப்பிடுகிறேன். நிர்ணயித்த கூலி, வாரியத்துக்குக் கட்ட வேண்டியது எல்லாம் ரசீதோடு. போன மாசி மாதம் மூத்தவர் தன் மகள் வீட்டுக்குத் தரை போட டைல்ஸ் பார்க்க வந்தார். அவரே காசை எடுத்து ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்துத்தான் எடுத்தார்.

பாலக்காட்டுப் பக்கம் கடை வைத்திருப்பவர்கள் யாருக்காவது மனுவின் மாதிரி வேண்டுமென்றால் நேரில் வாருங்கள். பெயர்களை மறைத்து ஒரு ஜெராக்ஸ் செட் வைத்திருக்கிறேன். ஞாயிறு விடுமுறை.